மூன்று நிமிடம் பன்னிரண்டு நொடி

என்னிடம் ஒரு எம்பி3 கோப்பு இருக்கிறது. மூன்று நிமிடம் பன்னிரண்டு நொடி ஓடும். அந்த இடத்தில் பாட்டு முடிவதில்லை, அறுந்துபோகிறது. கோப்பின் பெயர் 'ஏஃபெக்ஸ் ட்வின் - அன்ரிலீஸ்ட் 4', அதாவது அந்தப் பெயருள்ள எலெக்ட்ரானிக் இசைக்காரரின் வெளிவராத பாட்டு. கடைசி மூன்று ஹார்ட் டிஸ்குகளில் அதுதான் முதலில் காப்பியானது. கல்யாண ஆல்பம் இரண்டாவதாகத்தான் போனது. வீட்டில் இது தெரியாது, தெரியவும் வேண்டாம்.

2004-இல் கோவையில் படித்துக்கொண்டிருந்தேன். ஹாஸ்டலுக்குப் பக்கத்தில் ஒரு பிரவுசிங் சென்டர். இரவு பத்திலிருந்து காலை ஆறு வரை நைட் பேக்கேஜ், பிளைவுட் தடுப்புக்குள் ஒரு நாற்காலி, காலுக்குக் கீழே சூடாக மூச்சுவிடும் சிபியு. சோல்சீக் என்றொரு மென்பொருள் அப்போது இருந்தது. உலகத்தின் ஏதோ ஒரு மூலையில் ஒருவர் தன் பாட்டு ஃபோல்டரைத் திறந்து வைத்திருப்பார், நாம் நுழைந்து எடுத்துக்கொள்ளலாம். எலெக்ட்ரானிக் இசைக்காரர்கள் அங்கேதான் குடியிருந்தார்கள். அப்படி ஒருவருடைய ஃபோல்டரில் இந்தப் பெயரைப் பார்த்து இழுத்துப் போட்டேன். 71 சதவீதம் வந்தபோது கரண்ட் போனது.

"கரண்ட்டு வந்தாலும் பேக்கேஜ் முடிஞ்சுதுங் தம்பி, விடிஞ்சிருச்சு பாருங்க" என்றார் கடைக்கார அண்ணன். கரண்ட் வரும்வரை உட்கார்ந்திருந்து, வந்ததும் வந்தவரைக்கும் இருந்த துண்டை சிடியில் எரித்து வாங்கிக்கொண்டு போனேன். மறுநாள் இரவு அந்த ஃபோல்டர்காரர் இல்லை. அதற்குப் பிறகு எப்போதும் இல்லை.

முதல் நாற்பது நொடி வெறும் இரைச்சல், பழைய கேசட்டின் உஸ் சத்தம். பிறகு அடியில் ஒரு பேஸ் ஊர்ந்து வரும். அதன் மேல் பொம்மை கீபோர்டில் வாசித்த மாதிரி நாலே சுரம், ஒவ்வொரு சுற்றிலும் ஒரு சுரம் கொஞ்சம் தாமதமாக விழும். மூன்றாவது நிமிடத்தில் டிரம்ஸ் நுழையப் போகிறது என்று நமக்கே தெரியும், ஹை-ஹாட் என்ற ஜோடித் தட்டு மட்டும் எட்டிப் பார்க்கும். அங்கே அறுந்துவிடும். அந்த டிரம்ஸைப் பல வருடமாக என் தலைக்குள் நானேதான் வாசித்துக்கொண்டிருக்கிறேன்.

ஏஃபெக்ஸ் ட்வின் என்பது ரிச்சர்ட் டி. ஜேம்ஸ் என்ற ஒற்றை ஆள். 1971 ஆகஸ்ட் 18-இல் அயர்லாந்தின் லிமெரிக்கில் பிறந்தவர். வளர்ந்தது இங்கிலாந்தின் தென்மேற்கு முனையில், கார்ன்வாலில், லானர் என்ற ஊரில். செப்புச் சுரங்கங்களும் தகரச் சுரங்கங்களும் ஓய்ந்துபோன பக்கம் அது. 1991-இல் நண்பர் கிராண்ட் வில்சன்-கிளாரிட்ஜோடு சேர்ந்து ரெஃப்ளெக்ஸ் என்ற சொந்த இசை நிறுவனத்தைத் தொடங்கினார். 1992-இல் 'செலெக்டெட் ஆம்பியன்ட் வொர்க்ஸ் 85-92' வந்தது. தலைப்பிலுள்ள முதல் ஆண்டைக் கணக்குப் போட்டால் சில துண்டுகளைச் செய்தபோது அவருக்குப் பதினான்கு வயது இருக்க வேண்டும். கேசட்டில் பதிந்தவை அவை, உஸ் சத்தம் அந்த ஆல்பத்தில் இன்னும் கேட்கிறது. என் கோப்பில் அதே சத்தம் இருந்ததால்தான் அது அவருடையது என்று கேள்வி கேட்காமல் நம்பினேன். உஸ் சத்தம் உலகத்தின் எல்லா மலிவு கேசட்டுக்கும் பொது என்று அந்த வயதில் தோன்றவில்லை.

அந்த ஆல்பத்தின் பெயரிலேயே ஒரு வம்பு இருக்கிறது. 'தேர்ந்தெடுத்தவை' என்று சொல்லிவிட்டால், தேர்ந்தெடுக்காதவை எங்கே? ஒரு தலைமுறை ரசிகர்கள் அந்த ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டு அலைந்தார்கள். அவரும் சும்மா இருக்கவில்லை. என்னிடம் வெளியிடாத பாட்டு ஏராளம் இருக்கிறது என்று பேட்டிக்குப் பேட்டி சொல்லிக்கொண்டே போனார். ஒரு சிக்கல் என்னவென்றால், பீரங்கி வண்டி வைத்திருக்கிறேன், ராத்திரிக்கு இரண்டு மூன்று மணி நேரம்தான் தூங்குவேன் என்று சொன்னவரும் இவர்தான். எதை நம்புவது, எதைச் சிரித்துவிட்டுப் போவது என்று தெரியாது. 2001-இல் 'ட்ரக்ஸ்' என்ற இரட்டை ஆல்பம் வந்ததற்கு அவர் சொன்ன காரணமே ஒரு சிறுகதை: வெளியிடாத பாட்டுகள் நிறைந்த எம்பி3 பிளேயரை விமானத்தில் மறந்து வைத்துவிட்டேன், எவனாவது இணையத்தில் போடுவதற்கு முன்னால் நானே போட்டுவிட்டேன். அந்த பிளேயர் இன்றுவரை எங்கேயும் தலைகாட்டியதாக நான் கேள்விப்பட்டதில்லை.

தொலைந்த பாட்டு என்றால் பாட்டே அழிந்துபோனது என்று நினைக்கிறோம். இவர் விஷயத்தில் பெரும்பாலும் பாட்டு எங்கேயோ பத்திரமாக இருக்கும், 'இதுதான் அது' என்று சொல்ல வேண்டிய ஆள்தான் வாயைத் திறக்க மாட்டார். 1994-இல் வந்த 'செலெக்டெட் ஆம்பியன்ட் வொர்க்ஸ்' இரண்டாம் தொகுதியை எடுத்துக்கொள்ளுங்கள். ஒன்றே ஒன்றைத் தவிர எந்தப் பாட்டுக்கும் பெயர் கிடையாது. உறையில் ஒவ்வொரு பாட்டுக்கும் ஒரு மங்கலான படம், அவ்வளவுதான். மக்கள் படத்தைப் பார்த்துப் பெயர் வைத்தார்கள். ரூபார்ப் என்ற கீரைத்தண்டின் பெயர் ஒன்றுக்கு, கற்பாசி என்று ஒன்றுக்கு, பாறைமுகடு என்று இன்னொன்றுக்கு. இன்றைக்கு உலகமே அந்தப் பெயர்களில்தான் அவற்றை அழைக்கிறது.

அதில் 'ஸ்டோன் இன் ஃபோகஸ்' என்று பெயர் பெற்ற பாட்டு பாதி தொலைந்தது. எல்பியிலும் கேசட்டிலும் இருந்தது, சிடியில் இல்லை. சிடி வாங்கியவர்களுக்கு அப்படியொன்று இருப்பதே தெரியாது. பிறகு யாரோ அதை வெந்நீர் ஊற்றில் உட்கார்ந்திருக்கும் பனிக்குரங்கின் வீடியோவோடு யூடியூபில் சேர்த்துவிட, விடுபட்ட பாட்டே அந்த ஆல்பத்தின் முகமாகிவிட்டது. சமைக்கும்போது, பரீட்சைக்குப் படிக்கும்போது, தூக்கம் வராதபோது என்று எல்லோரும் அதைப் போட்டார்கள். வார்ப் என்ற இசை நிறுவனம் அந்த ஆல்பத்தை விரிவாக்கி மறுபடி வெளியிட்ட 2024-இல்தான் அது முறையாக எல்லாருடைய தட்டிலும் விழுந்தது. முப்பது வருடம்!

ஆனால் இந்த வட்டாரத்தில் பெரிய கதை 'காஸ்டிக் விண்டோ'.

எல்பி அச்சடிக்கும் வேலையில் ஒரு கட்டம் உண்டு. முதலில் பாட்டை அரக்குத் தட்டில் கோடாக வெட்டுவார்கள். அதிலிருந்து உலோக அச்சு எடுப்பார்கள். மொத்தமாக அச்சடிப்பதற்கு முன் அந்த அச்சில் சில தட்டுகளை மட்டும் அழுத்திக் கேட்டுப் பார்ப்பார்கள், எங்காவது ஊசி தாவுகிறதா, சத்தம் சிதைகிறதா என்று. இதற்கு டெஸ்ட் பிரஸ்ஸிங் என்று பெயர். உறை கிடையாது, படம் கிடையாது, நடுவில் வெறும் வெள்ளை லேபிள். கல்யாணப் பத்திரிகைக்கு அச்சகத்தில் காட்டும் புரூஃப் மாதிரி. 1994-இல் ஜேம்ஸ் காஸ்டிக் விண்டோ என்ற இன்னொரு பெயரில் ஒரு முழு ஆல்பத்தை ரெஃப்ளெக்ஸுக்காகத் தயார் செய்தார். கேட் 023 என்று பட்டியல் எண்கூட விழுந்துவிட்டது. புரூஃப் வந்தது, பத்திரிகை வரவில்லை. ஆல்பம் கைவிடப்பட்டது. விரல் விட்டு எண்ணக்கூடிய அந்தத் தட்டுகள் நெருங்கிய நண்பர்கள் சிலரிடம் தங்கிவிட்டன.

இருபது வருடம் யாரும் கேட்காத ஆல்பம். இருக்கிறது என்று தெரியும், எண் தெரியும். எண் தெரிந்த பொருள் மேல் ஆசை இன்னும் கெட்டியாகிவிடுகிறது. ஆர்.சி. புக் இருக்கிறது, வண்டியைத்தான் காணோம் என்பது போல.

2014-இல் அதில் ஒரு தட்டு, இசைத்தட்டுகளை வாங்கி விற்கும் டிஸ்காக்ஸ் தளத்தில் விற்பனைக்கு வந்தது. விலை 13,500 டாலர். பணக்காரர் ஒருவர் வாங்கி அலமாரியில் பூட்டிக்கொண்டால் கதை முடிந்தது. ரசிகர்கள் கூடிப் பேசினார்கள். விற்பவரிடமும் பேசினார்கள், ரெஃப்ளெக்ஸ் தரப்பிலும் சம்மதம் வாங்கினார்கள். திட்டம் எளிமையானது: கிக்ஸ்டார்ட்டர் என்ற நிதி திரட்டும் தளத்தில் ஊர்கூடிப் பணம் போட்டுத் தட்டை வாங்குவது, அதை நல்ல முறையில் டிஜிட்டலாக மாற்றிப் பணம் போட்ட ஒவ்வொருவருக்கும் ஒரு பிரதி கொடுப்பது, பிறகு தட்டை ஏலம் விடுவது. நம் ஊர் ஏலச்சீட்டுக்கும் இதற்கும் தூரம் அதிகமில்லை. 4,000 பேருக்கு மேல் சேர்ந்தார்கள், 67,000 டாலருக்கு மேல் குவிந்தது.

அதில் நானும் ஒருவனாக இருந்திருக்கலாம். என் பங்கு ஆயிரம் ரூபாய்க்குள்தான் வந்திருக்கும். என் டெபிட் கார்டு அந்தக் கடலைத் தாண்டாது, பெங்களூரில் இருந்த நண்பனின் கிரெடிட் கார்டைக் கேட்டு வைத்திருந்தேன். மனைவிக்கு விளக்கிச் சொன்னேன்.

"வராத பாட்டுக்கு எதுக்குங்க ஆயிரம் ரூபா?"

"இருபது வருஷம் முன்னாடி வந்திருக்க வேண்டியதும்மா."

"அப்ப இன்னும் கொஞ்ச நாள் பொறுத்தா ஓசியிலயே வரும்."

விளையாட்டாகச் சொன்னாள். நான்தான் ரோஷப்பட்டு, பிறகு சோம்பேறிப்பட்டு, கடைசி நாளைத் தவறவிட்டேன். ஜூன் மாதம் பிரதிகள் போய்ச் சேர்ந்த சில நாளிலேயே முழு ஆல்பமும் யூடியூபில் கிடந்தது. இன்றுவரை இதை அவள் சொல்லிக்காட்டுகிறாள்.

தட்டு ஈபே ஏலத்தில் 46,300 டாலருக்குப் போனது. எடுத்தவர் மார்கஸ் பெர்சன், மைன்கிராஃப்ட் விளையாட்டை உருவாக்கியவர். கடைசியில் ஒரு பணக்காரரின் அலமாரிக்குத்தான் போனது, ஆனால் பாட்டு அதற்கு முன்னாலேயே வெளியே வந்துவிட்டது. ஏலப் பணத்தை ஜேம்ஸுக்கும், பணம் போட்டவர்களுக்கும், எல்லையற்ற மருத்துவர்கள் அமைப்புக்கும் பங்கு போட்டார்கள்.

சரி, ஆல்பம் எப்படி? நேர்மையாகச் சொல்கிறேன். முதல் பாட்டு 'ஃப்ளூட்டி' ஓடியபோது எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. '101 ரெயின்போஸ்' இன்றும் மாதத்துக்கு ஒருமுறையாவது போடுவேன். நடுவில் சில பாட்டுகள் டிரம் மெஷினை முறைத்துக்கொண்டே நிற்கின்றன, நகர்வதில்லை. கடைசியில் இரண்டு துண்டு, யாருக்கோ போன் போட்டுக் கலாய்ப்பது, வேறு ஒன்றுமில்லை. இருபது வருடம் உலகமே தேடிய பெட்டகத்தின் அடியில் வாண்டுப் பையன்கள் செய்யும் போன் சேட்டை! முதலில் எரிச்சலாக இருந்தது. பிறகு யோசித்தால், 1994-இல் அவருக்கு இருபத்திரண்டு வயது. நான் அந்த வயதில் ஹாஸ்டல் காயின் பாக்ஸில் செய்ததும் அதேதான். வெளியிடாமல் வைத்ததற்கு என்ன காரணம் என்று ஆயிரம் தத்துவம் பேசினோம். கொஞ்சம் சுமாராக இருந்தது என்பதும் ஒரு காரணமாக இருக்கலாம் என்று ஒருவரும் பேசவில்லை.

அதே 2014-இல் லண்டன் வானத்தில் அவருடைய முத்திரையோடு ஒரு பச்சை பலூன் மிதந்தது. 'சைரோ' வந்தது, பதின்மூன்று வருடத்துக்குப் பிறகு ஏஃபெக்ஸ் ட்வின் பெயரில் ஒரு ஆல்பம். அடுத்த பிப்ரவரியில் கிராமி விருதும் வாங்கியது. நல்ல ஆல்பம்தான், அதைப் பற்றி எழுத வேறு ஆட்கள் இருக்கிறார்கள்.

எனக்கு முக்கியமானது 2015 ஜனவரியில் நடந்தது. சவுண்ட்கிளவுட் தளத்தில் பெயருக்குப் பதில் வெறும் எண்ணை வைத்திருந்த ஒரு கணக்கு பழைய பாட்டுகளை ஏற்றத் தொடங்கியது. முதலில் யாரும் நம்பவில்லை. நம்பாததற்கு நியாயமும் இருந்தது. 2007-இல் 'தி டஸ்' என்ற பெயரில், கேரன் ட்ரெகாஸ்கின் என்ற பெண்ணின் இசை என்று ரெஃப்ளெக்ஸ் ஒன்றை வெளியிட்டது. அது இவர்தான் என்று ரசிகர்கள் அடித்துச் சொல்ல, ரொம்ப நாள் பிடிகொடுக்காமல் இருந்து, பல வருடம் கழித்துத்தான் ஒப்புக்கொண்டார். தன் பாட்டை அடுத்தவர் பெயரில் போடுகிறவர் இவர். அதனால் அடுத்தவர் இவர் பெயரில் போட்டாலும் கண்டுபிடிப்பது கஷ்டம். பிறகு அந்தக் கணக்கின் எண் 18081971 என்று மாறியது. பிறந்த தேதி. நம் ஊரில் ஏடிஎம் ரகசிய எண்ணுக்கு வைப்பார்களே, அந்த மாதிரி.

பாட்டுகள் கொட்டின. சில வாரங்களில் நூறைத் தாண்டியது, கடைசியில் இருநூறுக்கும் மேல். இறக்கிக்கொள்ளவும் அனுமதி. சிலவற்றின் கீழே எந்தக் கருவியில், எந்தக் காலத்தில் செய்தது என்று ஒரு வரி. ஆல்பத்தில் ஏன் வைக்கவில்லை என்று கேட்கத் தோன்றும் அளவுக்குச் சில. '8 யுடோபியா' என்ற பாட்டையும் 'ரெட் கால்க்ஸ்' என்பதையும் கேட்டுவிட்டுக் கொஞ்சம் கோபமாகக்கூட இருந்தது. இத்தனை நாள் இதை வைத்துக்கொண்டா சும்மா இருந்தாய் என்று.

ஏன் இப்படி அள்ளிக் கொடுத்தார் என்பதற்கு அவர் ஒரு பேட்டியில் சொன்ன காரணம் மட்டும் எனக்கு விளையாட்டுப் பேச்சாகப் படவில்லை. நான் செத்துப்போனால் மனைவியும் பிள்ளைகளும் இவ்வளவையும் வைத்துக்கொண்டு என்ன செய்வதென்று திண்டாடிப்போவார்கள், இப்போதே கொடுத்துவிட்டால் அவர்களுக்கு அந்தத் தலைவலி இல்லை என்ற பொருளில் சொன்னார். பரண் மேல் இருக்கும் பித்தளைப் பாத்திரங்களை யாருக்கு எது என்று உயிரோடு இருக்கும்போதே பிரித்துக்கொடுத்த என் பாட்டியின் கணக்கு இது.

அந்தக் கவலை வீண் கவலை இல்லை. டீலியா டெர்பிஷயர் என்று ஒரு பெண் இருந்தார். 1960-களில் பிபிசிக்குள் சத்தமும் இசையும் செய்து கொடுத்த ரேடியோபோனிக் வொர்க்‌ஷாப்பில் வேலை பார்த்தவர். சிந்தசைசர் கையில் கிடைக்காத காலத்தில், டேப்பை வெட்டி, ஒட்டி, வேகத்தை ஏற்றி இறக்கி இசை செய்தவர். ரான் கிரெய்னர் எழுதிக் கொடுத்த 'டாக்டர் ஹூ' தொலைக்காட்சித் தொடரின் முகப்பு இசையை 1963-இல் சத்தமாக்கிக் காட்டியது இவர்தான். பழைய பச்சை விளக்குமூடி ஒன்றைத் தட்டி, அந்த ஒலியிலிருந்து பாலைவனத்தையே உருவாக்கியிருக்கிறார். 2001-இல் இறந்தபோது வீட்டுப் பரணில் 267 டேப்புகள் கிடைத்தன, காலை உணவு தானியம் வரும் அட்டைப் பெட்டிகளுக்குள். பசை காய்ந்து, லேபிள்கள் பலவும் உதிர்ந்து பெட்டிக்கு அடியில் கிடந்தன. எந்த லேபிள் எந்த டேப்புக்கு? சொல்லக்கூடிய ஒரே ஆள் போய்விட்டார். அந்தப் பிரிவின் பழைய டேப்புகளைப் பராமரித்த மார்க் எயர்ஸ் அவற்றைப் பாதுகாத்து மான்செஸ்டர் பல்கலைக்கழகத்துக்குக் கொண்டுசேர்த்தார், 2007-இலிருந்து அங்கே டிஜிட்டலாக மாற்றினார்கள்.

அதில் 60-களின் பிற்பகுதியில் செய்த ஒரு துண்டு இருக்கிறது. இதைக் கண்டுகொள்ளாதீர்கள், சும்மா ஒரு ஆர்வத்துக்காகச் செய்தது என்கிற மாதிரி டெர்பிஷயரின் குரல் முதலில் வரும். அதற்குப் பிறகு வருவது, அப்படியே இன்றைய டான்ஸ் இசையின் தாளம். ஆர்பிட்டல் என்ற எலெக்ட்ரானிக் இசைக்குழுவின் பால் ஹார்ட்னால் அதைக் கேட்டுவிட்டு, அடுத்த வாரம் வார்ப் நிறுவனம் வெளியிடக்கூடிய பாட்டு மாதிரி இருக்கிறது என்றார். ஏஃபெக்ஸ் ட்வினை வெளியிடும் அதே வார்ப். இருபது விநாடிக்குக் கொஞ்சம் மேலே ஓடியிருக்குமோ என்னவோ, அதற்குள் நான் எழுந்து உட்கார்ந்துவிட்டேன். சும்மா செய்ததாம்!

சவுண்ட்கிளவுட் வெள்ளம் வந்த அந்தச் சனி, ஞாயிறு நான் என்ன செய்தேன் தெரியுமா? ஒரு பாட்டையும் முழுதாகக் கேட்கவில்லை. ஒவ்வொன்றையும் திறந்து, ஒரு நிமிடம் ஓட்டி, மூடினேன். உஸ் சத்தம், ஊர்ந்து வரும் பேஸ், தாமதமாக விழும் நாலாவது சுரம். இதைத்தான் தேடினேன். டிரம்ஸ் எப்படி நுழைகிறது என்று தெரிந்தால் போதும். புதிதாக ஏற்ற ஏற்ற, அடுத்த வாரங்களிலும் அதையே செய்தேன். அத்தனை புதையல் காலடியில் கொட்டிக்கிடக்க, ஒற்றைச் செருப்பைத் தேடுகிறவன் மாதிரி புரட்டிக்கொண்டிருந்தேன். கிடைக்கவில்லை.

அப்புறம்தான் முதல் முறையாக அந்தச் சந்தேகம் வந்தது. சோல்சீக் காலத்தில் யார் வேண்டுமானாலும் எந்தக் கோப்புக்கும் ஏஃபெக்ஸ் ட்வின் என்று பெயர் வைப்பார்கள். பெயர் இருந்தால்தான் பிறர் எடுப்பார்கள். எங்கேயோ ஒரு படுக்கையறையில் ஒரு பையன் தன் பாட்டைச் செய்து, தன் பெயரில் வைத்தால் நாய்கூட எடுக்காது என்று இந்தப் பெயரில் வைத்திருக்கலாம். இவர் பாட்டு என்று நினைத்து வேறொருவர் தப்பாகவும் வைத்திருக்கலாம். பாட்டைக் கண்டுபிடிக்கும் செயலிகளிடம் காட்டினேன். ஒன்று எதுவும் கிடைக்கவில்லை என்றது, இன்னொன்று ஏதோ ஒரு யோகா இசையைக் காட்டியது. விவரம் தெரிந்த ஒரு நண்பருக்கு அனுப்பினேன். மூன்று நாள் கழித்துப் பதில் வந்தது: "இது அவர் இல்லப்பா. அந்த நாலாவது சுரம் லேட்டா விழுதுல்ல, அது ஸ்டைல் இல்ல, வாசிச்சவனுக்குக் கை வரல."

அதைப் படித்துவிட்டு மறுபடி கேட்டேன். ஆமாம், கை வரவில்லைதான். ஒவ்வொரு சுற்றிலும் அந்தச் சுரத்துக்கு விரலை எட்டிப் போடுகிறான். இரண்டாவது நிமிடம் நாற்பதாவது நொடியில் ஒரே ஒருமுறை சரியாக விழுகிறது. இத்தனை வருடம் கேட்டும் நான் கவனிக்காதது அது. சரியாக விழுந்த அடுத்த சுற்றிலிருந்து கொஞ்சம் சத்தமாக வாசிக்கிறான். ஹை-ஹாட் எட்டிப் பார்க்கிறது. மூன்று பன்னிரண்டு.